தொப்பிக்குக் குளிரும்

தொப்பி ஆற்றில் விழுந்துவிட்டது. அதற்குப் போய் அவள் ஒப்பாரி வைக்க வேண்டும்.

திரையில் வாயைப் பிளந்துகொண்டு நிற்கிறாள் இலோனா. புடாபெஸ்ட்டில் தொப்பிக் கடை வைத்திருப்பவள். ஆடிப் பாடிக்கொண்டே பாலத்தில் வந்தாள். காற்று தொப்பியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது.

ஹங்கேரிக்காரர்கள் டிவிக்காக எடுத்த பாட்டும் கூத்துமான படம். இனி தமிழ் பேசப் போகிறது. மைக் முன்னால் நிற்கும் அவள்தான் இலோனாவுக்குக் குரல்.

தமிழ் வசனம் எழுதுவது அவள் கணவன். ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், சவுண்ட் இன்ஜினியர் சற்குணத்தின் அருகே உட்கார்ந்திருந்தான்.

இலோனா அங்கே "ஐயோ, என் தொப்பி!" என்று மட்டும்தான் கத்துகிறாள். இதில் எங்கே இருக்கிறது சிரிப்பு? காலையிலிருந்து மண்டையை உடைத்துக்கொண்டிருந்தான் மனுஷன். பாவமே என்று அவள்தான் டீ வாங்கிக் கொடுத்தாள்.

ஹெட்போனில் அவன் குரல் துள்ளியது.

"கிடைச்சிடுச்சு! 'ஐயோ, அதுக்குக் குளிருமே!'"

சற்குணம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

அவள் சிரிக்கவில்லை.

அது அவளுடைய வார்த்தை.

போன கார்த்திகை. விடாத மழை. பிறந்து கண்கூடத் திறக்காத பிள்ளையைத் துணியில் சுற்றி அவன் கையில் கொடுத்தார்கள். குழி தோண்டியாயிற்று என்றார்கள். அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு அவள் சொன்னது அது. அவனிடம் மட்டும் சொன்னது.

"நல்லா அழுதுகிட்டே சொல்லு. அப்பத்தான் சிரிப்பு வரும்."

அடப்பாவி.

சிவப்பு விளக்கு எரிந்தது. சொன்னாள்.

ஒரே டேக். உதட்டசைவு அச்சாகப் பொருந்தியது.

"பிரமாதம்! எங்க சார் புடிச்சீங்க இந்த வரிய?" என்றார் சற்குணம்.

"சும்மா... தோணிச்சு."

தோணிச்சாம்!

ஒருவேளை மறந்துதான் போனானோ? கண்ணாடி வழியே அவனைப் பார்த்தாள். அவன் சட்டென்று தலையைக் குனிந்துகொண்டான்.

மறக்கவில்லை. தெரிந்தேதான் எடுத்திருக்கிறான்.

திரையில் எவனோ ஆற்றில் குதித்துத் தொப்பியை மீட்டு வந்தான். இலோனா அதை வாரி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். என்னவோ சொல்லிக் கொஞ்சினாள்.

சற்குணத்துக்கு உற்சாகம் தாங்கவில்லை. "தொப்பிக்கு இங்க ஒரு செல்லப் பேரு வேணுமே சார். என்ன வைக்கலாம்?"

அவன் வசனத் தாள்களைப் புரட்டினான்.

அவள் மைக்கை நெருங்கினாள்.

"ஏங்க, நம்ம பிள்ளைக்குப் பார்த்து வச்ச பேரு சும்மாதானே கிடக்கு. அதையே வச்சிடுங்களேன்."