கூரைக்கு வெளியே

கல்யாண வீட்டில் மேளம் கொட்டிக்கொண்டிருந்தது. மணப்பெண் மில்காளின் சின்ன அண்ணன் இத்தாமார் மட்டும் முற்றத்து அத்திமரத்தடியில் நின்றான்.

பெரியவன் எலியாசிப்புக்குச் சந்தேகம் தட்டியது.

"தங்கச்சி கல்யாணத்துல மூணாம் மனுஷன் மாதிரி நிக்கிறியே, உள்ள வாடா!"

"நான் நசரேய விரதத்துல இருக்கேண்ணே. உள்ள திராட்சரசமா ஓடுது."

"குடிக்கத்தானே கூடாது? காலைல ரசச் சாடியை நீதானே தூக்கிட்டு வந்தே!"

இத்தாமார் தலைகுனிந்தான். கத்தி படாத நீளமுடி முகத்தை மறைத்தது.

"மாப்பிள்ளையைப் பிடிக்கலையா? இல்ல, திருட்டுத்தனமா குடிச்சிட்டியா? எங்கே, ஊது!"

ஊதினான். வெறும் வெங்காய வாசனைதான்.

"சரி, ஆசீர்வாதம் பண்ண அப்பாவையாவது எழுப்பிட்டு வா."

"படுக்கையில கிடக்கிறவரை எதுக்குண்ணே எழுப்பணும்? இப்பத்தான் ஜன்னல் வழியா பார்த்தேன், நல்லாத் தூங்குறாரு. கல்யாணம் முடியற வரைக்கும் அந்த அறைக் கதவை யாரும் திறக்க வேண்டாம்."

"ஜன்னல் வழியாவா? நீதானே தினமும் பக்கத்துல உட்கார்ந்து அவருக்குத் தண்ணி புகட்டுவே..."

சொல்லும்போதே எலியாசிப் நிமிர்ந்து வீட்டுக் கூரையைப் பார்த்தான். நசரேயன் விலக்க வேண்டியது ரசமும் கத்தியும் மட்டுமல்ல. பிணம் கிடக்கும் கூரையின் கீழும் அவன் நிற்கக் கூடாது, பெற்ற தகப்பனே ஆனாலும்.

உள்ளே மில்காள் கலகலவென்று சிரித்தாள்.

எலியாசிப் கண்ணைத் துடைத்துக்கொண்டு படியேறினான்.

"என்னப்பா, மேளம் தூங்கி வழியுது? ஓங்கி அடிங்க!"