பங்கர் இல்லாத கதை

எங்கள் கம்பனியின் மெஷின் வீட்டுக்காரரின் கதையைக் கேட்டுத்தான் வீட்டை அச்சடித்துக் கட்டும். ஊர்ச்சனம் எதை அதிகம் சொல்கிறதோ, அதுவே அந்த ஊரின் கட்டடக்கலை. எனக்கு இதில் சரியான பெருமை. கிளிநொச்சியில் தவமலர் அன்ரிக்குப் புது வீட்டைக் காட்டும்போதும் நான் நடக்கவில்லை, ஓடினேன்.

சமைக்கும் குசினிக்குப் பின்னால், நிலத்துக்குள் இறங்கும் படிகளைக் கண்டதும் அவர் நின்றுவிட்டார்.

"உதென்ன பிள்ளை?"

"பங்கர் அன்ரி. இஞ்ச எல்லாரும் சண்டைக்குள்ள ஷெல்லுக்கு ஒளிச்ச பங்கரைப் பற்றித்தான் சொன்னவை. அதான் மெஷின் எல்லா வீட்டுக்கும் வைக்குது."

"சண்டை முடிஞ்சு முப்பது வருசம். உதை மூடு. இல்லாட்டி நான் குடிவர மாட்டன்."

"என்னால மூடேலாது. நீங்கள் பங்கரை விட்டிட்டு வீட்டுக் கதையைத் திரும்பச் சொல்லுங்கோ. மெஷினே மூடிவிடும்."

"உவ்வளவுதானே?"

கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கிணறு, மாமரம், ஓட்டுக் கூரை என்று மளமளவென்று வந்தது. "பிறகு எங்கட மூத்தவள் பிறந்தாள். அண்டைக்கு ஒரே ஷெல்லடி. அவளைப் பெத்தது..."

நான் காலை ஆட்டிக்கொண்டு காத்திருந்தேன். மகள் பிறந்த இடத்தைச் சொல்லாமல் கதையைக் கடத்த அவர் மறுபடி முயன்றார். முடியவில்லை.

"பங்கருக்குள்ளதான்," என்றார் கடைசியில். "சரி, இருக்கட்டும். ஆனா அதுக்கொரு பெரிய யன்னல் வேணும்."

"நிலத்துக்குக் கீழ யன்னலோ அன்ரி?"

"ஓம். அவளின்ர முகத்தை நான் வெளிச்சத்தில பார்க்க ஒரு கிழமை, முழுசா ஏழு நாள் ஆனது."