குறுக்கே வந்த கை

தங்கையின் குழந்தையை முத்தமிட அத்தான் குனிந்ததுதான் தாமதம், குறுக்கே அக்காவின் கை வந்து விழுந்தது.

"போதும், எழுந்திருங்க!"

பிறந்து ஒரு மாதம்கூட ஆகாத பச்சை மண், திடுக்கிட்டு அழுதது. அத்தானின் முகம் சுண்டிப்போனது.

குழந்தை பார்க்க வந்த எதிர்வீட்டுக்காரிக்கு வேடிக்கை என்றால் சோறு தண்ணி வேண்டாம். தங்கையின் காதருகே குனிந்தாள்.

"வயித்தெரிச்சல். தனக்கு ஒண்ணு நிக்கலையே!"

தங்கைக்குச் சுருக்கென்றது. ஆனாலும் அப்படித்தானோ என்றும் தோன்றியது. வந்ததிலிருந்து அக்கா அத்தானைக் குழந்தையிடம் அண்டவிடவே இல்லை.

அத்தானும் கொட்டிவிட்டார்.

"தன் சளியோட கொஞ்சிக் கொஞ்சியே எங்க பிள்ளையைப் பறிகொடுத்தா. இப்ப அடுத்தவங்க பிள்ளையையும் தொடவிடமாட்டேங்கறா."

அக்கா எழுந்து சமையலறைக்குப் போய்ப் பால் பாட்டில்களைக் கழுவ ஆரம்பித்தாள். தங்கை பின்னாலேயே போனாள்.

"வெளி ஆள் முன்னாடி அத்தானை இப்படியா அவமானப்படுத்துவே?"

"அவர் உதட்டோரம் பாத்தியா?"

"சின்னதா ஒரு கொப்புளம். அதுக்கென்ன இப்ப?"

"நமக்கு நாலு நாள் எரிச்சல், அவ்வளவுதான். அந்தக் கிருமி முத்தத்தோட போச்சுன்னா பச்சைக் குழந்தைக்கு எமன். மூளைவரைக்கும் ஏறிடும்டி."

கூடத்துக்கு ஓடப் போன தங்கையை அக்கா பிடித்து நிறுத்தினாள்.

"யாரும் முத்தம் கொடுக்கக் கூடாது, கை கழுவாம தொடக் கூடாதுன்னு டாக்டர் சொன்னதாச் சொல்லு. பொதுவாச் சொல்லு. அவரைப் பாத்துச் சொல்லிடாதே."

தங்கை கூடத்துக்குப் போய் அப்படியே சொன்னாள். எதிர்வீட்டுக்காரி முகவாயைத் தோளில் இடித்துக்கொண்டாள். அத்தான் மட்டும் மனசாரத் தலையாட்டினார்.

"ரொம்பச் சரி. ஜாக்கிரதையா இரும்மா. இந்தப் புத்தி உங்க அக்காவுக்கு அன்னிக்கே இருந்திருந்தா, என் பையன் இந்நேரம் பள்ளிக்கூடம் போயிட்டிருப்பான்."

தங்கைக்குப் பொறுக்கவில்லை. விறுவிறுவென்று சமையலறைக்குத் திரும்பினாள்.

"கேட்டியா? கொப்புளத்தைத் தான் வெச்சுக்கிட்டு உன்னைப் பேசறார்! நேராவே சொல்லிட வேண்டியதுதானே அக்கா? அத்தான் நல்லவர். சொன்னா புரிஞ்சுக்குவார்."

"புரிஞ்சுக்குவார். அதுதான்டி பயம்."

அக்கா குழாயை மூடினாள். கை கழுவிவிட்டு வந்த அத்தான், கூடத்தில் தள்ளி நின்றபடியே விரல் சொடுக்கிக் குழந்தைக்கு விளையாட்டுக் காட்டுவது கேட்டது. அதைக் கேட்கக் கேட்க அவள் கண்கள் நிறைந்துவிட்டன.

"சளியாலன்னு டாக்டர் சொல்லலடி. நான்தான் சொன்னேன். அன்னிக்கும் இதே கொப்புளத்தோடதான் பெத்த பிள்ளைக்குத் தான் முத்தம் கொடுத்தது தெரிஞ்சா, அந்த மனுஷன் உசிரோட இருப்பாரா?"