முகம்பார்க்கும் செடிகள்

அக்காவும் தங்கையும் ஒரே நாற்றுப் பண்ணையில் வேலை பார்த்தார்கள். முகம்பார்க்கும் என்ற தாவரக் குடும்பத்துச் செடிகள் மட்டும்தான் அங்கே வளர்ந்தன. அதில் கொடி, புதர், நீரில் மிதப்பது என்று ஏழு வகை. தங்கள் மனசுக்குப் பிடித்தவர் எந்தப் பக்கம் நடந்தாலும் ஏழுமே அந்தப் பக்கம் திரும்பும்.

பதினொரு வருடமாகத் தண்ணீர் ஊற்றியவள் அக்கா. தங்கை சேர்ந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. ஆனாலும் அவள் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே எல்லாச் செடியும் அவளைப் பார்த்தன. "சின்னவளுக்குக் கைராசி," என்றார் முதலாளி. அக்காவுக்கு வயிறு எரிந்தது. ஒருநாள் தங்கையின் சட்டையைப் போட்டுக்கொண்டுகூடப் போய்ப் பார்த்தாள். ஓர் இலையும் அசையவில்லை.

ஒரு மத்தியானம் தங்கை சாப்பிடப் போயிருந்தாள். செடிகள் அவள் போன கதவையே பார்த்துக்கொண்டு நின்றன.

"அவ மேல அவ்வளவு ஆசைன்னா, உங்க குடும்பத்துலயே சேத்துக்க வேண்டியதுதானே," என்றாள் அக்கா.

மறுநாள் தங்கை உடம்பு அசதி என்று வீட்டிலேயே இருந்துவிட்டாள். அக்கா தனியாகப் பண்ணைக்குள் நுழைந்தாள். எல்லாச் செடிகளும் அவள் பக்கம் திரும்பின. அன்று முழுக்க, முதலாளி கண்ணில் படும்படி, வேண்டுமென்றே குறுக்கும் நெடுக்குமாக நடந்தாள்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது, தங்கை ஜன்னலோரம் ஒரு பாத்திரத் தண்ணீரில் கால்களை வைத்து உட்கார்ந்திருந்தாள்.

"சாப்டியாடி?"

"பசிக்கலக்கா. தண்ணியே போதும்."

அக்கா அடுப்படிக்குப் போனாள். திரும்பி வந்து கட்டிலருகே துணி மடித்தாள். அவள் போன பக்கமெல்லாம் தங்கையின் முகம் மெல்லத் திரும்பிக்கொண்டிருந்தது.