நாலாவது மாப்பிள்ளை

குருவிட்ட டவுனில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் இந்திரகுமார், ஏழுமலையின் மகள் தர்மிளாவுக்கு நாலாவது மாப்பிள்ளையின் போட்டோவோடு வந்திருந்தார்.

“எஹலியகொடயில நல்ல வேல. சீதனமும் வேணாங்கிறான். இவனையும் வேணாம்னா எப்படி, ஏழுமலை அண்ணே?”

“மூக்கு கொஞ்சம் பெரிசா இருக்கே, முதலாளி.”

“போன பையன் குட்டைன்னீங்க. அதுக்கு முந்தினவன் ரொம்பப் பேசுறான்னீங்க.”

தேத்தண்ணீரோடு வந்த தர்மிளாவுக்குக் கொதித்தது.

“பெத்தது நீங்களா அவரா அப்பா? அவருக்கு இருக்கிற அக்கற உங்களுக்கு இல்லியே.”

ஏழுமலைக்குப் பொறுக்கவில்லை.

“அக்கறயா? ‘மக கல்யாணம் முடியிற வரைக்கும் இருங்க’ன்னு சொல்லித்தான் இந்த வீட்ட நமக்கு வாடகைக்கு விட்டாரு. நீ கழுத்த நீட்டின மறுநாள் நானும் ஒங்கம்மாவும் எங்க போறது?”

“என் மகனுக்கும் வீடு வேணும்ல? பேச்சுன்னா பேச்சுதானே,” என்று முனகினார் இந்திரகுமார்.

தர்மிளா தட்டை டக்கென்று மேசையில் வைத்தாள்.

“முதலாளி, வீட்ட எப்ப விடணும்னு ஒரு தேதி சொல்லுங்க. அப்பா, நீங்க அதுக்குப் பதில் சொல்லுங்க. என் தாலிய வச்சு இனிமே யாரும் வாடகை பேசக் கூடாது.”