எறும்பு மட்டும் இருக்கட்டும்

“பன்னெண்டு கேம் இருக்குப்பா! இதுல இன்னொரு ஆப் எங்க போய் உக்காரும்?”

அப்பாவின் போனைக் கையில் வாங்கியதுமே மகள் கேட்டாள். பஸ் டிரைவரான அவர் யூனிஃபார்ம் சட்டையைக்கூடக் கழற்றாமல் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தார். டிப்போவில் இனிமேல் டியூட்டி எல்லாம் போனில்தான் வருமாம். நாளைக் காலைக்குள் அந்தப் புது ஆப்பை ஏற்றாவிட்டால் அவருக்கு வண்டி கிடையாது. ஏற்றப் போனால், ‘இடமில்லை’ என்று போன் கையை விரித்துவிட்டது.

“டெர்மினஸ்ல அடுத்த டிரிப்புக்குக் காத்துக்கிடக்கிறப்போ பொழுது போகணும்ல? நீயே பாத்துத் தூக்கிடும்மா.”

அவள் எதையும் அவசரமாகச் செய்கிறவள் இல்லை. ஒரு காகிதத்தில் பன்னிரண்டு பெயர்களையும் எழுதிக்கொண்டாள். ஒவ்வொன்றையும் கேட்டு அழித்தாள். அழித்ததும் டிக் அடித்தாள்.

“பலூன் வெடிக்கிறது?”

“தூக்கிடு. ரெண்டு பலூனுக்கு நாலு விளம்பரம்.”

“பஸ் ஓட்டுற கேமா? நாளெல்லாம் ஓட்டிட்டு ஓய்வுலயும் பஸ்ஸாப்பா?”

“அதுல பிரேக் அடிச்சா யாரும் திட்ட மாட்டாங்கம்மா. சரி, போகட்டும்.”

ஏழாவது டிக்கின்போது அவர் மெதுவாக ஆரம்பித்தார். “ஆமா, நாளைக்குக் கிளாஸுக்குப் போறியா இல்லையா?”

“இல்லப்பா, நின்னுடலாம்னு இருக்கேன். நாளைக்கு ஆறு மணிக்குள்ள போகலைன்னா அவங்களே பேரை எடுத்துடுவாங்க.” அவள் தலையைத் தூக்கவில்லை. “எனக்கு இது வராதுப்பா. நாலு மாசமாச்சு, என் கோடு ஒண்ணுகூடச் சரியா வரல.”

பகலெல்லாம் துணிக்கடையில் நின்ற காலோடு, சாயங்காலம் கோடு போடப் படிக்கப் போகிறாள் என் மகள் என்று டிப்போ முழுக்கச் சொல்லி வைத்திருந்தார் அவர். அவள் சேர்ந்த அன்றே ஓர் அடி நீள எஃகு ஸ்கேல் ஒன்றை வாங்கி வந்து கொடுத்தார். அது உறைகூடப் பிரிக்காமல் மேசைமேல் கிடந்தது.

“ஸ்கேலை வச்சு, பதறாம இழுத்துப் பாத்தியாம்மா?”

அவள் ஒரு கணம் அவரையே பார்த்தாள். “அதுல வராதுப்பா” என்றாள். மறுபடி போனுக்குக் குனிந்தாள்.

பதினொன்று போயாயிற்று. பன்னிரண்டாவதை அவள் கேட்கவே இல்லை. விரல் நேராகப் போய்விட்டது.

“இரு, இரு! எறும்பு மட்டும் இருக்கட்டும்!” அவர் பாதி எழுந்துவிட்டார்.

“இன்னும் கொஞ்சம் இடம் வேணும்ப்பா. ‘சீனி எறும்பு’... இது எங்க கிடைச்சுது உங்களுக்கு?”

“வீட்டுல எறும்புத் தொல்லைன்னு எறும்பு மருந்து தேடினேன். எங்கயோ தட்டிட்டேன் போல, இது வந்து நின்னுச்சு.”

அவள் எதையோ தட்டிப் பார்த்தாள். “இதை இறக்கினதே மொத்தம் ஒரு ஆள்தான்னு போட்டிருக்கு.”

“நான் ஒருத்தன்தானா? அப்ப நானும் விட்டுட்டா எறும்போட கதி?”

“விளையாட்டு இல்லப்பா. அப்படி என்னதான் இருக்கு இதுல?”

“ஒரு எறும்பு சீனிக்கட்டியை உருட்டிக்கிட்டுப் போகும். ரெண்டு கதவு தாண்டிடுவேன். மூணாவது மட்டும் திறக்கவே மாட்டேங்குது. ஒரு மாசமா முட்டிக்கிட்டு நிக்கிறேன்.”

“அதான் சொல்றேன். செஞ்சவங்களுக்கே ஒண்ணும் தெரியல. அரைகுறை. இந்தக் குப்பைக்கு எதுக்கு இடம்?” அவள் குரல் சட்டென்று காரமானது.

“குப்பைன்னு சொல்லாதே. மத்ததுல தோத்தா, ‘ஆட்டம் முடிந்தது’ன்னு மூஞ்சில அடிக்கும். இது மட்டும்தான், ‘பரவாயில்லை, இன்னொரு தடவை பாக்கலாம்’னு சொல்லும். நாள் பூரா பஸ்ல திட்டு வாங்குறவனுக்கு, அப்படிச் சொல்ல ஒரு எறும்பாவது வேணாமா?” அவர் போனை வாங்கித் துடைத்துக்கொண்டார். “கதவு இன்னைக்கு இல்லைன்னா நாளைக்குத் திறக்கும். செஞ்ச ஆளு மனசு விட்டுப்போய்ப் பாதியில ஓடாம இருந்தா சரி.”

அவள் கொஞ்ச நேரம் பேனா மூடியைத் திறந்து திறந்து மூடினாள்.

“அப்ப இடத்துக்கு எங்கப்பா போறது?”

“உங்க மாமா தினம் அனுப்புற காலை வணக்கம் படமே நானூறு தேறும். அதைத் தூக்கு.”

“மாமா கோவிச்சுப்பாரு.”

“விடியட்டும், நானூத்தி ஒண்ணாவதை அனுப்புவான் பாரு.”

ரோஜாப்பூவும் சூரியோதயமுமாக நானூறும் போயின. டிப்போ ஆப் சிரமமில்லாமல் ஏறிக்கொண்டது. டிக் அடிக்காத ஒரே பெயரோடு அந்தக் காகிதத்தை மடித்து எடுத்துக்கொண்டு, அவள் தன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

மறுநாள் சாயங்காலம் ஐந்தரை மணி. டெர்மினஸில் இன்ஜினை அணைத்துவிட்டு அவர் மகளுக்குப் போன் செய்தார். அவள் எடுக்கவில்லை. ஆறு மணிக்கு இன்னும் அரை மணி நேரம்தான். பெருமூச்சு விட்டுவிட்டு எறும்பைத் திறந்தார். ‘புதுப்பிக்கவா?’ என்று கேட்டது. சரி என்று தட்டினார்.

எறும்பு சீனிக்கட்டியை உருட்டிக்கொண்டு கிளம்பியது. ஒரு கதவு. இரண்டு. மூன்றாவது கதவு, எண்ணெய் போட்டதுபோல் மெல்லத் திறந்தது!

“அட!” என்று அவர் கையைத் தட்ட, பிடி விட்ட சீனிக்கட்டி உருண்டு பள்ளத்தில் விழுந்தது. திரையில் வழக்கமான அந்த வரி வந்தது. இன்றைக்குக் கொஞ்சம் நீளமாக:

‘பரவாயில்லப்பா, இன்னொரு தடவை பாக்கலாம். எறும்புக்கு நான் எழுதின கோடு இப்ப சரியா வந்துடுச்சு. கிளாஸுக்குப் போறேன்.’