முப்பதாவது தவணை

"எண்ணித் தாடி! ஒரு தாள் குறைஞ்சாலும் வாங்க மாட்டன்!"

கிளிநொச்சி நீதிமன்ற விறாந்தையில் இராசேஸ்வரி போட்ட சத்தத்துக்கு, நின்ற சனமெல்லாம் திரும்பிப் பார்த்தது. பார்க்கட்டுமே! பார்க்கத்தானே கத்தினது.

கௌசலா ஆயிரம் ரூபாத் தாள் பத்தையும் எண்ணிக் கொடுத்தாள். இது முப்பதாவது மாதம். கடைசித் தவணை.

தர்மபுரத்தில் சீட்டு நடத்தியவள் கௌசலா. இராசேஸ்வரியின் முறை வந்தபோது மூன்று லட்சமும் கைக்கு வரவில்லை. "பொறுங்கோ அக்கா" என்று நாளை இழுத்தாள். இராசேஸ்வரி பொறுக்கிற ஆளா? வழக்குப் போட்டாள். கௌசலா ஒரு மறுப்பும் சொல்லவில்லை. மாதம் பத்தாயிரம் கட்டச் சொல்லித் தீர்ப்பு வந்தது.

தையல் மெஷினை விற்றாள். ஊராரின் வயலில் களை பிடுங்கினாள். இராசேஸ்வரிக்கு மனம் இரங்கவே இல்லை. போகிற வருகிற இடமெல்லாம் கள்ளி என்று அவள் சொன்ன கதையில், கௌசலாவின் மகளுக்குப் பேசிய சம்பந்தமும் குழம்பிப்போனது.

"எல்லாம் சரியோ அக்கா?"

"காசு சரி. கள்ளி எண்ட பேர் சாகுமட்டும் போகாதடி!"

கௌசலா தலையைக் குனிந்தபடி பஸ்ஸுக்குப் போனாள்.

இராசேஸ்வரிக்கு நெஞ்சு குளிர்ந்தது. உடனே பிரான்சிலிருக்கும் ஒரே மகன் சுஜிதனுக்குப் போன் எடுத்தாள்.

"தம்பி, வெண்டிட்டனடா! கடைசிக் காசும் கறந்திட்டன்!"





"அம்மா... முழுக்கக் கட்டிட்டாவோ?"

"கட்டாமல்? விட்டிடுவனே?"

சுஜிதன் விம்மத் தொடங்கினான்.

"அம்மா, உங்கட சீட்டுக் காசை அவா அண்டைக்கே தந்திட்டா. அம்மா வாங்கிவரச் சொன்னவா எண்டு நான்தான் போய் வாங்கினனான். பக்கத்து வீட்டுப் பெடியன்தானே எண்டு அவா ஒரு கையெழுத்தும் கேக்கேல்லை. பிரான்சுக்கு வர ஏஜென்சிக்குக் குறைஞ்ச காசு அதாலதான் கட்டினனான்."

"சிநேகிதன் தந்தவன் எண்டெல்லே சொன்னனீ?"

"பொய், அம்மா. பிறகு கௌசலா அன்ரிக்கு உண்மையைச் சொல்லி, மாசாமாசம் காசு அனுப்புறன் எண்டனான். ஒரு சதமும் அனுப்பேல்லை."

ஐயோ, கடவுளே! இராசேஸ்வரி விறாந்தையில் கிடந்த மர வாங்கில் பொத்தென்று இருந்தாள். கையிலிருந்த பத்தாயிரம் நெருப்பாய்ச் சுட்டது.

"அப்ப அவள் ஏன்ரா கோட்டில ஒரு சொல்லுச் சொல்லேல்லை?"

"நீங்கள் வழக்குப் போட்ட நேரம் நானும் அதைத்தான் கேட்டனான். 'உன்ர அம்மாக்கு நீ ஒருத்தன்தான் இருக்கிறாய். கள்ளன்ர தாய் எண்டு அவாவை ஆரும் சொல்லக்கூடாது' எண்டவா, அம்மா."